பெறுபவர் கையொப்பம்

கோடை முடிந்துவிடவில்லை, கார் தொடங்கிவிடவுமில்லை. இரண்டுக்கும் இடையில் கிடந்த அந்த நாள்களுக்குத் தமக்கென ஒரு பெயரில்லை. ஒவ்வொரு பிற்பகலும் மேற்றிசையில் கருமுகில் திரளும். நீர் பருகி எழுந்த யானைநிரைபோல் அசையாமல் நின்று கீழே பார்க்கும். காற்றில் ஒரு கணம் மண் நனைந்த மணம் வரும். மரங்கள் இலையாட்டம் நிறுத்திக் காத்திருக்கும். பின்னர், எவரோ உள்ளிருந்து அழைத்தாற்போல, முகில்கள் வந்த வழியே திரும்பிவிடும். விளக்கேற்றும் வேளையில் வானம் துடைத்து வைத்த தட்டுப்போல் வெறிதாகக் கிடக்கும். தகுதி பாராமல் தருவதே வானின் அறம் என்று முன்னோர் போற்றினர். அவ்வறம் கண்ணயர்ந்ததோ என ஐயுறத்தக்க இத்தகைய நாள்களில்தான் மனிதர் இறைவனை உரக்க அழைக்கிறார்கள். அழைத்த குரல் தம் செவிக்கே கேட்டு நாணவும் செய்கிறார்கள்.

அப்படியொரு பிற்பகலில், சாலைத்துறை ஊழியர் பலர் குடியிருந்த தெருவின் கடைசி வீட்டில், ரோடு ரோலர் ஓட்டி ஓய்வுபெற்றவரின் மனைவி சட்டைகளுக்குப் பொத்தான் தைத்துக்கொண்டிருந்தாள். தையற்கடையிலிருந்து கட்டுக்கு ஐம்பது சட்டை வரும். சட்டைக்கு ஏழு பொத்தான். நான்காண்டுகளுக்கு முன் இடுப்பு மூட்டை அறுத்து உலோகம் வைத்ததிலிருந்து அவளால் தரையில் அமர முடியாது. உயரமான நாற்காலியில் ஒரு காலைச் சற்று நீட்டி, சன்னல் வெளிச்சத்தை மடியில் வாங்கிக்கொண்டு தைப்பாள். நூலைப் பல்லால் கடிக்கும்போதெல்லாம் உதடுகள் ஏதோ ஒரு பதிகத்தின் பாதியில் நின்று மீண்டும் தொடரும்.

மரக்கடைக்காரர் வாசலில் செருப்பைக் கழற்றும் ஓசை கேட்டது. வீட்டுப் பத்திரத்தின் பேரில் கடன் கொடுத்தவர் அவர். கெட்ட மனிதரல்லர், குரலை உயர்த்தத் தெரியாதவர். அதனாலேயே அவர் வரவு அவளுக்கு அதிகம் வலித்தது.

“தண்ணி மட்டும் போதும் தங்கச்சி. நான் நெருக்கறேன்னு நினைக்காதீங்க. அசல் வந்துடுச்சு, வந்ததை வந்துச்சுன்னுதான் சொல்லணும். ஆனா நாலு வருஷ வட்டி அப்படியே நிக்குதே. என் பையன் கடையைப் பிரிச்சுக் கேக்கறான். இந்த மழைக்காலம் முடியறதுக்குள்ள ஒரு வழி பண்ணுங்க. பத்திரம் என் கையில, வீடு உங்க கையிலன்னு ரெண்டு பேரும் எத்தனை நாளைக்கு ஒருத்தரை ஒருத்தர் பார்த்துக்கிட்டு இருக்கறது?”

“மழை எங்கண்ணே ஆரம்பிச்சுது, முடியறதுக்கு?” என்றாள் அவள்.

அவர் சிரித்தார், அவளும் சிரித்தாள். தவணை மட்டும் சிரிக்காமல் நின்றது. அவர் போன பின் நெடுநேரம் ஊசி நகரவில்லை. அந்தக் கடன் அவள் இடுப்புக்காக வாங்கியது. அவள் எடுத்து வைக்கும் ஒவ்வோர் அடியிலும் இந்த வீட்டின் ஒரு செங்கல் இருந்தது.

அறுவைக்கு வேண்டிய பணம் வராத பணமல்ல. வரவேண்டிய காலத்தில் வராத பணம். முப்பத்தோராண்டு உழைத்தவர் ஓய்வுபெற்ற மாதமே பணிக்கொடையும் சேர்ந்திருந்த விடுப்புச் சம்பளமும் கைக்கு வந்திருக்க வேண்டும். வரவில்லை. காரணம், அவர் ஓட்டிய பத்து டன் ரோலர்.

ஓட்டுநர் ஓய்வுபெறும்போது இயந்திரத்தை அடுத்த ஓட்டுநரிடம் பட்டியலிட்டு ஒப்படைக்க வேண்டும். பட்டியலின் கீழே இடப்பக்கம் ஒப்படைப்பவர் கையொப்பம், வலப்பக்கம் பெறுபவர் கையொப்பம். அந்தத் துறையின் நடைமுறை அது. அவர் இடப்பக்கம் ஒப்பமிட்டார். வலப்பக்கம் இட ஆளில்லை. சாலைப் பணிகளெல்லாம் ஒப்பந்தக்காரர் கைக்குப் போய்விட்டதால், அவரோடு அந்தப் பணியிடமே நீக்கப்பட்டது. பட்டியல் பாதிக் கையொப்பத்தோடு அலுவலகம் போயிற்று. ‘பெறுபவர் கையொப்பத்துடன் மீண்டும் சமர்ப்பிக்கவும்’ என்ற குறிப்போடு திரும்பி வந்தது. அவர் மறுபடி அனுப்பினார். அது மறுபடி வந்தது. இப்படியே நான்காண்டு. அவ்வளவு காலமும் அந்த ரோலர் எங்கும் ஓடிப்போகவில்லை. அதே அலுவலக வளாகத்தில், ஒரு வாகைமரத்தடியில், நின்ற இடத்திலேயே நின்றது. இறுதியில், வெளியூரிலிருந்து வந்த தணிக்கை அதிகாரி தம் காருக்கு நிழல் தேடி அம்மரத்தடிக்குப் போய், “இது யாருடையது?” என்று கேட்டார். அந்த ஒரு கேள்வியால் பணிக்கொடை அசல் விடுபட்டு, மரக்கடைக்காரரின் அசலை அடைத்தது. காலம் கடந்ததற்கான வட்டியைப் பற்றி எவரும் வாய் திறக்கவில்லை. பட்டியலின் வலப்பக்கமும் நிரம்பவில்லை.

மாலையில் கணவர் வந்தார். பெயருக்கேற்ற உடம்பல்ல அவருக்கு, ஒல்லியான மனிதர். ஆயினும் தெருவே அவரைப் ‘பத்து டன்’ என்றுதான் அழைக்கும். சட்டைக் கைமடிப்பில் எண்ணெய்க் கறை இருந்தது.

“இன்னிக்கு வெள்ளிக்கிழமையா?” என்றாள் அவள், கறையைப் பார்த்து.

“ஆமா.”

“உங்க மூத்த தாரம் நலமா?”

“பின்பக்கச் சக்கரத்துல கொஞ்சம் முனகல். கிரீஸ் வச்சேன், சரியாயிடுச்சு.”

“எனக்கு மாத்து மூட்டு வச்சு நாலு வருஷம் ஆச்சு. ஒரு நாளாவது முனகுதான்னு கேட்டிருப்பீங்களா?”

“நீ முனகமாட்டியே. சத்தமால்ல சொல்லுவே!”

கணினிக் கடையில் ஊராருக்கெல்லாம் மனு அடித்துக் கொடுக்கும் அவர்கள் மகள், அன்று தன் தந்தைக்கே ஒரு மனு அடித்து எடுத்து வந்திருந்தாள். தாமதத்துக்கு வட்டி கேட்டு இரண்டு மாதத்துக்கு முன் அனுப்பிய முதல் மனுவுக்குப் பதிலாக, நேரில் விளக்கமளிக்க வரும்படி செயற்பொறியாளர் அலுவலகத்திலிருந்து கடிதம் வந்திருந்தது. அதற்குக் கொண்டுபோக வேண்டிய விளக்கம் இது. தந்தை வாசித்தார்; காகிதத்தைக் கட்டில்மேல் வைத்தார்.

“எனக்கு மனசு ஒப்பலம்மா. மரக்கடைக்காரர் வட்டி கேக்கறாரு. அது அவர் தொழில். நான் போய் சம்பளம் போட்ட இடத்துல வட்டி எடுன்னு நின்னா, நானும் கடை வச்சவன் ஆயிட மாட்டேனா?”

“அப்பா, தண்ணி வரி ஒரு மாசம் பிந்தினா அபராதம் போடறாங்கல்ல? அவங்க என்ன கடை வச்சிருக்காங்களா?”

“அது சட்டம்.”

“இதுவும் சட்டம்தாம்ப்பா. தாமதம் நம்மால இல்ல, அவங்களாலன்னு ஆயிட்டா வட்டி தந்தே ஆகணும். அதனாலதான் சொல்றேன். அங்க போய் வெள்ளிக்கிழமைக் கதையை நீங்களா எடுத்து விடாதீங்க.”

“கேட்டா?”

“கேக்க மாட்டாங்க.”

“கேட்டா?”

மகள் தாயைப் பார்த்தாள். தாய் ஊசியில் நூல் கோத்தபடி சொன்னாள்: “கேட்டா உள்ளதைச் சொல்லிட்டு வந்து உக்காருவாரு. முப்பத்தோரு வருஷம் நேரா மட்டும் போயிட்டு நேரா திரும்பி வந்த ஆளு. இவரை எந்தப் பக்கம்னு நீ வளைப்பே?”

விசாரணை நாளன்று மூவரும் செல்ல எண்ணியிருந்தனர். மகளுக்குக் கடையில் விடுப்புக் கிடைக்கவில்லை. எனவே கணவர் மனைவியைக் கைத்தடியோடு மாடிப்படியில் ஏற்றி அழைத்துச் சென்றார். நீண்ட நடைவழியில் துணிப்பொதி கட்டிய கோப்புகள் சுவரோரம் அடுக்கியிருந்தன. செயற்பொறியாளர் நடுவயதுப் பெண். அவ்விடம் வந்து ஒரு மாதம்கூட ஆகவில்லை. அவர் மேசைக்கு இடப்புறம் தலைமை எழுத்தர் நின்றிருந்தார். எந்தக் கோப்பையும் ஓர் ஆட்சேபத்தில் மாட்டித் தொங்கவிடும் வல்லமையால் அலுவலகம் முழுவதும் அவருக்குக் ‘கொக்கி’ என்று பெயர். அது அவருக்கும் தெரியும். அதை ஒரு பட்டம்போல் உள்ளூர மெச்சிக்கொள்பவர்.

“அம்மா, நீங்க உக்காருங்க,” என்றார் அதிகாரி. “ஐயா, நீங்களும். சொல்லுங்க, உங்க கோரிக்கை என்ன?”

“எழுதியிருக்கேன் மேடம். எழுதினதுதான்.”

தலைமை எழுத்தர் தொண்டையைச் செருமினார். “மேடம், இந்தக் கோரிக்கை ஏற்கத்தக்கதல்ல. தாமதத்துக்கு அலுவலகம் காரணமில்லை. இயந்திரத்தை இவர் முறைப்படி ஒப்படைக்கல. ஒப்படைக்காததோடு, ஓய்வுக்குப் பிறகும் அதைத் தன் வசத்துலயே வச்சிருந்தார்.”

“வசத்துலயா? வீட்டுக்குக் கொண்டு போனாரா?”

“இல்ல மேடம். இதைப் பாருங்க.” அவர் ஒரு தடித்த பதிவேட்டை விரித்தார். “வாயிற்காவலர் பதிவேடு. ஒவ்வொரு வெள்ளியும் இவர் கையெழுத்து. வந்த காரணம், ‘ரோலர் பராமரிப்பு’. நாலு வருஷம், ஒரு வாரம் விடல. டிரைவரே, இது உங்க கையெழுத்துதானே?”

அவள் மனம் ‘சொல்லாதீங்க’ என்று கூவியது. கணவர் பதிவேட்டின்மேல் குனிந்து, கண்ணாடியைச் சரிசெய்து, இரண்டு பக்கம் புரட்டினார்.

“என் கையெழுத்துதான் சார். நடுவுல ரெண்டு வாரம் வரல. என் சம்சாரம் ஆஸ்பத்திரியில இருந்தா. நீங்க விடலன்னு சொன்னது தப்பு.”

“யார் சொல்லி வந்தீங்க?”

“நீங்கதான் சார்.”

“நானா!”

“நீங்க போட்ட கடுதாசிதான். ‘மேற்படி இயந்திரம் இன்றளவும் தங்கள் பொறுப்பில் உள்ளது’ன்னு ஒவ்வொண்ணுலயும் எழுதியிருக்கீங்களே. என் பேர்ல இருக்கற பொருள். எண்ணெய் காட்டாம விட்டா பேரிங்கு இறுகிடும். மழையில நின்னா துரு ஏறிடும். நாளைக்கு யாராவது வாங்கிக்க வந்து, இது என்ன இப்படின்னு கேட்டா, நான் என்ன பதில் சொல்றது?”

“அவரே ஒத்துக்கிட்டார் மேடம்,” என்றார் தலைமை எழுத்தர். குரலில் வெற்றியைவிட நிம்மதியே மிகுந்திருந்தது. “பொறுப்பு அவர்கிட்டயே இருந்திருக்கு. அப்புறம் தாமதம் யாரால?”

அதிகாரி பேனாவை எடுத்தார்.

அந்தப் பேனா காகிதத்தைத் தொடுவதற்குள் அவள் கண்ணில் வீடு வந்து நின்றது. சன்னல், நாற்காலி, மழை பெய்தால் ஒழுகும் சமையலறை மூலை, எல்லாம். எவரையும் எதிர்த்துப் பேசிப் பழகியவளல்லள். கைத்தடியை ஊன்றினாள்; எழுந்தாள். எழும்போது இடுப்பு தன் பங்குக்கு ஒரு குத்துக் குத்தியது.

“மேடம், நான் ஒண்ணு கேக்கலாமா? எனக்குச் சட்டம் தெரியாது. பொத்தான் தைக்கறவ.”

“கேளுங்கம்மா. உக்காந்தே கேளுங்க.”

“உக்காந்தா வராது. நின்னுட்டே கேக்கறேன். அந்த வண்டி நாலு வருஷமும் இவர் பொறுப்புலதான் இருந்துச்சுன்னு சார் சொல்றாரு. நல்லது. அப்படின்னா இவர் நாலு வருஷமும் வேலையிலதான் இருந்திருக்காரு. அந்த நாலு வருஷச் சம்பளத்தைக் குடுத்துடுங்க. இல்ல, இவர் ஓய்வாயிட்டாரு, வேலையில இல்லன்னா, அது இவர் பொறுப்பில்ல. அப்ப வட்டியைக் குடுத்துடுங்க. ரெண்டுல எதுன்னு நீங்களே பார்த்துச் சொல்லுங்க. எதைக் குடுத்தாலும் நாங்க வேணாம்னு சொல்ல மாட்டோம்.”

 வாசலில் நின்ற கடைநிலை ஊழியர் வாயைக் கையால் பொத்திக்கொண்டு வெளியே நகர்ந்தார்.

“இன்னொண்ணு,” என்றாள் அவள். தொடங்கிவிட்ட பின் நிறுத்துவது கடினமாயிருந்தது. “வாரா வாரம் போட்ட எண்ணெய்க்கும் கிரீசுக்கும் நீங்க ஒரு பைசா தரல. எல்லாம் என் பொத்தான் காசு. அதை நான் கேக்கல. அது நான் போட்டதாவே இருக்கட்டும்.”

அதிகாரி பேனாவைக் கீழே வைத்தார். கோப்பைத் தம் பக்கம் இழுத்து, முதல் தாளிலிருந்து புரட்டலானார். நேரம் சென்றது.

“பெறுபவர்னு யாரு சார்?” என்று தலைமை எழுத்தரைக் கேட்டார்.

“அடுத்த ரோலர் ஓட்டுநர், மேடம்.”

“அவர் எங்கே?”

“அந்தப் பணியிடம் ரத்தாயிடுச்சு மேடம்.”

“எப்போ?”

“இவர் ஓய்வான அன்னிக்கே.”

“அப்ப, உலகத்துலயே இல்லாத ஒரு ஆளோட கையெழுத்தை வாங்கிட்டு வான்னு இவருக்கு எத்தனை கடிதம் போட்டிருக்கோம்?”

“பதினேழு,” என்றார் அவர் மெல்ல.

“வண்டி எங்க நிக்குது?”

தலைமை எழுத்தர் அதிகாரியின் நாற்காலிக்குப் பின்னாலிருந்த சன்னலைத் திறந்தார். வெகுநாள் திறக்காத கதவு கிறீச்சிட்டது. கீழே வாகைமரம், மரத்தடியில், மங்கிய பச்சை நிறத்தில், நாய் ஒன்றுக்கு நிழல் தந்தபடி, ரோலர் நின்றிருந்தது. இடையே எண்பதடி தூரம் இருக்கலாம்.

அதிகாரி சன்னலருகில் வந்து பார்த்தார். பின், “ஒப்படைப்புப் பட்டியலை எடுத்துக்கிட்டு வாங்க,” என்று சொல்லிப் படியிறங்கினார்.

மரத்தடியில் பட்டியல் வாசிக்கப்பட்டது. தலைமை எழுத்தர் ஒவ்வொன்றாய்ப் படிக்க, ஓட்டுநர் ஒவ்வொன்றாய் எடுத்துக் காட்டினார். ஸ்பானர் பன்னிரண்டு, எண்ணெய்க் குப்பி ஒன்று, சிவப்புக் கொடி இரண்டு, கைப்பிடி ஒன்று. எதிலும் துரு இல்லை. எல்லாம் எண்ணெய்த் துணியில், பிறந்த குழந்தையைச் சுற்றினாற்போல் சுற்றியிருந்தன.

“ஓடுமா?” என்றார் அதிகாரி.

“டீசல் ஊத்தினா ஓடும் மேடம். ஊத்தறதுக்கு எனக்கு அனுமதி இல்ல.”

ஓட்டுநர், தரையில் படாமல் எஞ்சினோடு சுழலும் பெருஞ்சக்கரத்தில் கைவைத்துத் தள்ளினார். நான்காண்டு நின்ற இரும்பு, ஓசையின்றி, பழுத்த யானை தலையசைப்பதுபோல் ஒரு சுற்றுச் சுற்றி நின்றது. அதிகாரி விரலால் அச்சைத் தொட்டுப் பார்த்தார். விரல்நுனியில் புதிய எண்ணெய் மின்னியது. அதைத் துடைக்காமலே பட்டியலை வாங்கினார்; ரோலரின் தகட்டின்மேல் தாளை வைத்து, வலப்பக்கத்தில், தம் பதவிப் பெயரோடு ஒப்பமிட்டார். தாளின் ஓரத்தில் எண்ணெய்க் கறை ஒன்றும் சேர்ந்து பதிந்தது.

“இதை அன்னிக்கே இங்க உக்காந்திருந்தவர் போட்டிருக்கலாம்,” என்றார். “ஐயா, நிதிப்பிரிவு ஒப்புதலுக்கு எழுதறேன். நாள் பிடிக்கும். இந்தத் தடவை நானே கேட்டுக்கிட்டு இருக்கேன்.”

ஓட்டுநர் தோளைச் சற்று அசைத்தார். பெரிய சுமை இறங்கியவர்க்கும், ஏதோ ஒன்றைப் பறிகொடுத்தவர்க்கும் தோள் ஒரே விதமாகத்தான் அசையும். அன்று வீடு திரும்பும் வழியெல்லாம் அவள் அவரைக் கேலி செய்யவில்லை. அடுத்த வெள்ளியன்று அவர் விடியலிலேயே எழுந்து, சட்டை மாட்டி, வாசல்வரை வந்து, நின்று, திரும்பிப் போய்ப் படுத்துக்கொண்டார். ஊசியும் கையுமாக அவள் அதைப் பார்த்தும் பாராதவளாயிருந்தாள்.

நாள் பிடித்தது. மழை வந்தது, சமையலறை மூலை ஒழுகியது, மழை ஓய்ந்தது. மரக்கடைக்காரர் ஒருமுறை வந்து அதிகாரியின் கடித நகலைப் பார்த்து, “சரி, இது நம்பற மாதிரி இருக்கு,” என்று சொல்லிப் போனார். குளிர் தொடங்கிய வாரத்தில் ஆணை வந்தது. தாமதம் முழுவதும் அலுவலகத்தினுடையது. ஓய்வுபெற்ற மூன்றாம் மாத முடிவிலிருந்து, அசல் கொடுத்த நாள்வரை, சேமநிதிக்குரிய வீதத்தில் வட்டி. மரக்கடைக்காரருக்குச் சேரவேண்டியதற்கு அது ஈடாயிற்று. மிஞ்சியது சமையலறை மூலைக்கு நான்கு ஓடு வாங்கத்தான் காணும். ஆனால் பத்திரம் வீடு வரும்.

காசோலை வாங்க இருவரும் சென்றனர். தலைமை எழுத்தரே பேரேட்டை எடுத்து வைத்து, ஒப்பமிட வேண்டிய இடத்தைச் சுட்டினார். அங்கே அச்சில் ‘பெறுபவர்’ என்றிருந்தது. ஓட்டுநர் அதை ஒருமுறை வாய்விட்டு வாசித்தார்.

“இவ்வளவு நாளா தேடின ஆளு நான்தானா சார்?”

தலைமை எழுத்தர் சிரிக்க முயன்றார், முடியவில்லை. மேசையைச் சுற்றி வந்து, மற்றவர்கள் கேளாதபடி குரலைத் தாழ்த்தினார்.

“டிரைவரே, உங்ககிட்ட ஒண்ணு சொல்லணும். வர்ற மாசம் நானும் ஓய்வு. என் ‘நிலுவை இல்லை’ சான்றை மேலிடத்துல திருப்பிட்டாங்க. இருபது வருஷத்துக்கு முன்னால என் பேர்ல ஒரு தட்டச்சுப் பொறி குடுத்தாங்களாம். பட்டியல்ல இருக்கு; பொருளைக் காணோம். பரண், கிடங்கு, எல்லாம் தேடிட்டேன். மூணு கடிதம் வந்துடுச்சு.” அவர் கைகளைப் பிசைந்தார். “மூத்த பொண்ணு கல்யாணத்தை அந்தப் பணத்தை நம்பித்தான் வச்சிருக்கேன்.”

ஓட்டுநர் சிந்தித்தார். “பழைய கிடங்குல, தார் பீப்பாய்க்குப் பின்னால ஒரு மரப்பெட்டி இருக்கு சார். ரோலர் சாமானுக்கு இடம் தேடினப்ப பார்த்திருக்கேன். உள்ள என்னன்னு தெரியாது. வாங்க, பார்க்கலாம்.”

பெட்டியில் தட்டச்சுப் பொறி இருந்தது. பாதி விசைகளில் எழுத்துத் தேய்ந்திருந்தது. உள்ளே எலி கூடு கட்டியிருந்தது. தலைமை எழுத்தர் அதன் எண்ணைச் சட்டை நுனியால் துடைத்துப் படித்தார், மறுபடி படித்தார், அங்கேயே ஒரு பீப்பாயின்மேல் உட்கார்ந்துவிட்டார்.

இருவரையும் கிடங்கில் விட்டு அவள் வாகைமரத்தடிக்கு நடந்தாள். ரோலரின் நெற்றியில் ஏல எண் ஒன்று வெள்ளைச் சுண்ணத்தால் எழுதியிருந்தது. சருகும் பறவை எச்சமும் படிந்திருந்தன. துடைக்க இப்போது எவருக்கும் பொறுப்பில்லை. இத்தனை ஆண்டில் அவள் அதை ஒருமுறையும் தொட்டதில்லை. கைத்தடியை மரத்தில் சாய்த்தாள். முந்தானையை நனைத்துக்கொள்ளத் தண்ணீர் இல்லை. உலர்ந்த துணியாலேயே முன்னுருளையை ஒரு கோடியிலிருந்து மறுகோடிவரை துடைத்தாள். இரும்பு குளிர்ந்து, அவர் பூசிய பழைய எண்ணெய்ப் பசையோடு இருந்தது. இரு உள்ளங்கையையும் அதன்மேல் வைத்து, கண்மூடி, நாள்தோறும் சொல்லும் இறைவன் பெயரைச் சொன்னாள். எதையும் வேண்டிக்கொள்ளவில்லை.

கண் திறந்தபோது, தட்டச்சுப் பொறியைக் கைக்குழந்தைபோல் மார்போடணைத்தபடி தலைமை எழுத்தர் சற்றுத் தள்ளி நின்றிருந்தார். அவருக்குப் பின்னால் அவள் கணவர், சட்டையெல்லாம் கிடங்குத் தூசியோடு.

“அம்மா,” என்றார் தலைமை எழுத்தர். 

அவள் எண்ணெய் படிந்த கையை உயர்த்தினாள்.

“நல்லா இருங்க தம்பி. உங்களுக்கு வரவேண்டியது ஒரு நாளும் பிந்தாம உங்க கைக்கு வந்து சேரட்டும். பொண்ணு கல்யாணம் குறையில்லாம நடக்கட்டும்.”